உதவியவர்

நாட்டார் வழக்காற்றியல் ஆய்வேடுகளின் முதல் இயலில், 'முன்னோடிகள்' என்னும் தலைப்பின்கீழ், தவறாது இடம்பெறும் பெயர் சார்லஸ் இ. கோவர். 1871இல் சென்னையில் வெளிவந்த அவரது 'தென்னிந்திய நாட்டார் பாடல்கள்' என்னும் ஆங்கில நூலை ஒரு வரியில் குறிப்பிட்டுவிட்டு, அடுத்த வரியில் அடுத்த முன்னோடிக்குச் சென்றுவிடுவது நம் வழக்கம். அந்நூலை முழுவதும் படித்தபின் அவ்வரியை எழுதுவோர் எத்தனை பேர் என்ற ஐயம் எனக்கு நெடுநாளாக உண்டு. சில மாதங்களாக அதனைப் பொறுமையாகப் படித்து வருகிறேன். நம் துறை நண்பர்களுக்குப் பயன்படலாம் என்பதால் இந்த நீண்ட பதிவு.

கோவர், சென்னை எழும்பூரில் படைவீரர்களின் ஆதரவற்ற ஆண் பிள்ளைகளுக்கான இல்லத்தின் பொறுப்பில் இருந்தவர். பொங்கல் திருநாளைப் பற்றியும் கட்டுரை எழுதியிருக்கிறார். நூல் வெளிவந்த மறு ஆண்டே, 1872இல், மறைந்தார். நூலில் கன்னடம், படகு, குடகு, தமிழ், மலையாளம், தெலுங்கு ஆகியவற்றுக்குத் தனித்தனி இயல்கள் உண்டு. இவற்றுக்கு நடுவே திருக்குறளுக்கும் ஓர் இயல்! நாட்டார் பாடல் தொகுப்பில் குறளுக்கு என்ன வேலை என்ற கேள்வியிலிருந்துதான் என் வாசிப்பு உண்மையில் தொடங்கியது.

கன்னடப் பகுதியில் புரந்தரதாசர் முதலிய ஹரிதாசர்களின் பதங்கள் இருக்கின்றன. அவற்றை மங்களூரில் ஹெர்மன் மோக்லிங் 1850இலேயே அச்சிட்டுவிட்டார். தெலுங்குப் பகுதியில் வேமனர். சி. பி. பிரவுன் வேமனர் பாடல்களை 1829இல் வெளியிட்டார். குறள் 1812இலேயே அச்சேறியது. ஆக, கோவர் 'நாட்டார்' என்று அழைக்கும் பெரும்பகுதிக்கு ஆசிரியர் பெயர் உண்டு. முந்தைய அச்சும் உண்டு. இன்றைய நம் வரையறைப்படி இந்நூல் தேறாது.

ஆனால் கோவரை நம் வரையறையால் அளப்பது முறையன்று. அவர் தேடியது வாய்மொழியை அன்று; ஒரு வாதத்துக்கான சான்றுகளை. தென்னாட்டுப் பொதுமக்களுக்குப் பிராமணச் சடங்குகளுக்கு அப்பால் உயர்ந்த அறநெறியும் சமயச் சிந்தனையும் உண்டு என்பதே அவ்வாதம். சடங்கைச் சாடுவதும் நீதியைச் சொல்வதும் மக்களிடையே வழங்குவதுமாகிய எதுவும் அவருக்கு நாட்டார் பாடலே. அப்படிப் பார்த்தால் குறள் உள்ளே வருவதில் வியப்பில்லை. வேடிக்கை என்னவென்றால், இதே கோவர் கால்டுவெல்லுக்கு எதிராக, திராவிட மொழிகள் ஆரியக் குடும்பத்தைச் சேர்ந்தவை என்று வாதிட்டவர். அவ்வாதம் அப்போதே எடுபடவில்லை. ஆயினும் 1959இல் திருநெல்வேலித் தென்னிந்திய சைவ சித்தாந்த நூற்பதிப்புக் கழகம் இந்நூலை மறுபதிப்புச் செய்தது. ஒரு நூலின் முடிவை ஒதுக்கிவிட்டு அதன் உணர்வை மட்டும் ஏற்றுக்கொள்வது தமிழ்ப் பதிப்புலகத்துக்குப் புதிதன்று.

எனக்கு உறுத்தியது வேறு. நூலில் மூலப் பாடல் இல்லை, மெட்டும் இல்லை. எல்லாம் ஆங்கிலச் செய்யுளாக மாறியிருக்கிறது. தெரிந்த புலவரின் பாட்டு என்றால் மூலத்தைத் தேடிப் பிடித்துவிடலாம். பெயரற்றவர் பாடியதென்றால் ஆங்கிலத்தோடு கதை முடிந்தது.

இதைப் பெங்களூருவில் இருந்து படிப்பதில் ஒரு வசதி உண்டு. கோவரின் மொழிகளுள் பெரும்பாலானவற்றைப் பேசுவோர் எங்கள் துறையின் தேநீர் மேசையிலேயே அமர்ந்திருப்பார்கள். குடகு இயலைக் குடகைச் சேர்ந்த உடன் ஆய்வாளர் ஒருவரிடம் காட்டினேன். மறுநாள் அவர் 'பட்டோலெ பழமெ'யைக் கொண்டுவந்தார். நடிகேரியண்ட சின்னப்பா கொடவர் பாடல்களைக் கொடவ மொழியிலேயே, கன்னட எழுத்தில் தொகுத்து 1924இல் வெளியிட்ட நூல் அது. ஒரு பாடலைப் படிக்கத் தொடங்கியவர், தம்மையறியாமல் மேசையில் துடியின் தாளத்தைத் தட்டினார். (கொடவர் பாடகர்கள் இன்றும் கையில் ஏந்தும் அச்சிறு பறைக்குத் துடி என்றே பெயர். சங்க இலக்கியத் துடியன் நினைவுக்கு வராமல் இருப்பானா?) அடியின் நீளத்தை அந்தத் தட்டுதான் அளக்கிறது என்பது அப்போது விளங்கியது. கோவரை எத்தனை முறை படித்தாலும் அது விளங்கியிராது.

அக்காலத்தில் இதைவிட வேறென்ன செய்திருக்க முடியும் என்று கேட்கலாம். கோவருக்கு 28 ஆண்டுகள் முன்பே இங்கிலாந்தில் ஒருவர் வேறுவிதமாகச் செய்திருக்கிறார். பியானோ உற்பத்திக்குப் பெயர்பெற்ற குடும்பத்தில் பிறந்த பாதிரியார் ஜான் பிராட்வுட், சர்ரே, சசெக்ஸ் பகுதிகளின் நாட்டுப்புற மக்கள் பாடிய 16 பாடல்களை 1843இல் மெட்டோடு அச்சிட்டார். கிறிஸ்துமஸ் காலத்தில் வீடு வீடாகப் பாடிவரும் ஊர்மக்களிடம் சிறுவயது முதல் கேட்டுப் பழகியவை அவை. நம் மார்கழிப் பண்டாரங்களை எண்ணிக்கொள்ளலாம். அவற்றுக்கு இசைக்கோர்வை அமைத்த தேவாலய ஆர்கன் கலைஞருக்குச் சில சுரங்கள் தவறாகப் பட்டனவாம். இசை இலக்கணப்படி பிழையானாலும் பாடியவர்கள் பாடியபடியே இருக்கட்டும் என்று பிராட்வுட் பிடிவாதமாக நின்றதாக அவர் குடும்பத்தார் சொல்லி வந்தனர். அந்தப் பிடிவாதத்தின் பயன் பெரிது. அவருடைய சகோதரர் மகள் லூசி பிராட்வுட் பின்னாளில் ஆங்கில நாட்டார் இசை இயக்கத்தின் முன்னணியாளரானார்.

ஆனால் அந்நூலின் தலைப்புப் பக்கத்தில் ஒரு விந்தை. ஆர்கன் கலைஞரின் பெயர் இருக்கிறது; தொகுத்தவர் தம் பெயரைப் போடவில்லை; பாடியவர்கள் வெறும் 'நாட்டுப்புற மக்கள்'. சுரத்துக்குக் கிடைத்த மதிப்பு அதை இசைத்த தொண்டைக்குக் கிடைக்கவில்லை.

நம் பக்கம் வருவோம். ஐ.சி.எஸ். அலுவலராக இருந்த பெர்சி மெக்வீன் திரட்டிய பாடல்களை கி. வா. ஜகந்நாதன் பதிப்பிக்க, 1958இல் 'மலையருவி' வந்தது. இங்குப் பாடல் தமிழிலேயே இருக்கிறது என்பதே பெரிய நிம்மதி. 1964இல் நா. வானமாமலையின் 'தமிழர் நாட்டுப் பாடல்கள்' வந்தது. அதில் பாடல்களின் அடியில் வட்டார வழக்குக்கு விளக்கமும், 'சேகரித்தவர்' பெயரும், 'இடம்' என ஊர்ப்பெயரும் தரப்பட்டுள்ளன. சில பாடல்களுக்கு மட்டும் இன்னொரு வரி உண்டு: 'உதவியவர்'.

இந்தச் சொல்லில் நான் பல நாள் நின்றிருக்கிறேன். வானமாமலையைக் குறை சொல்வது என் நோக்கமன்று. அவரளவு கவனம் காட்டியவர் அவருக்கு முன் மிகச் சிலர். ஊர்ப்பெயரையாவது அச்சிட்டதால்தான் இன்று அங்கெல்லாம் திரும்பிச் சென்று கேட்க முடிகிறது. ஆயினும் பாடலைத் தந்தவர் உதவியவர் ஆகிவிடுவதும், எழுதிக்கொண்டவர் முதல் வரியில் நிற்பதும் தற்செயலானவை அல்ல. கல்விப்புலத்தில் பின்னர் 'தகவலாளி' என்ற சொல் வந்தது. அது இன்னும் வறண்டது. நடவு வயலில் பத்துப் பேருக்கு முன்னே குரலெடுத்துப் பாடியவளைத் தகவலாளி என்று எழுதும்போது கை கூசுகிறது.

இவ்வளவும் பழங்கதை என்றால் இப்பதிவை எழுதியிருக்கமாட்டேன். அல்சூர் பகுதியில் வாழும் முதிய தமிழ்ப் பெண்களிடம் ஒப்பாரி பதிவு செய்துவருகிறேன். பலருடைய முன்னோர் வடஆர்க்காட்டிலிருந்து தண்டுப் பகுதிக்கு வந்தவர்கள். 'பேக்கு', 'சாக்கு' என்னும் கன்னடச் சொற்கள் அவர்கள் ஒப்பாரியில் இயல்பாகவே விழுகின்றன. ஆய்வு நெறிமுறைக் குழுவின் படிவமோ, பாடியவர் அடையாளம் மறைக்கப்பட வேண்டும் என்கிறது. 'தகவலாளி 7' என்று எழுதினால் போதும். நோயாளிகளையும் வன்முறைக்கு ஆளானோரையும் காக்க வந்த விதி அது. அதன் தேவையை நான் மறுக்கவில்லை. அந்த ஏழாமவரிடம் படிவத்தைத் தமிழில் வாசித்துக் காட்டினேன். அவர் கேட்டது ஒன்றுதான்:

"எங்கம்மா செத்தப்ப நான் கட்டின பாட்டுப்பா இது. என் பேரு இல்லாம யார் பேர்ல போடப் போற?"

கோவரிடம் இதற்கு விடை இல்லை. பிராட்வுட்டிடமும் இல்லை. படிவத்தில் அதற்குரிய கட்டமே இல்லை. தான் கட்டிய பாட்டு என்று ஒருவர் உரிமை கோரும்போது, அதை நாட்டார் பாடல் என்று எழுதி ஆசிரியரை அழிப்பது பாதுகாப்பா, பறிப்பா? பெயரைச் சொல்ல விரும்புவோருக்கும் மறைக்க விரும்புவோருக்கும் தனித்தனித் தெரிவுகள் வேண்டும் என்று குழுவுக்கு நான்கு பக்க விண்ணப்பம் அனுப்பியுள்ளேன். 1871 முதல் 1964 வரை மேலே சொன்ன நூல்களெல்லாம் அதில் சான்றாக வருகின்றன. வானமாமலை நூலின் 'உதவியவர்' வரிக்கு மட்டும் ஒரு பக்கம் ஒதுக்கியிருக்கிறேன்.

இதுவரை 11 பேரிடம் கேட்டாகிவிட்டது. ஒன்பது பேர் தங்கள் பெயர் வர வேண்டும் என்றார்கள். இருவர் வேண்டாம் என்றார்கள். ஒருவர் காரணம் சொன்னார், மற்றவர் சொல்லவில்லை, நானும் வற்புறுத்தவில்லை. ஏழாமவரின் பெயரை இங்கே ஏன் எழுதவில்லை என்று நண்பர்கள் கேட்கக்கூடும். ஆய்வேட்டில் போடத்தான் அவர் இசைந்திருக்கிறார். முகநூலுக்கு அவரிடம் இன்னும் கேட்கவில்லை.