உம்மும்மாவின் தூள்



எங்கள் குசினியில் இரண்டு தூள் போத்தல் இருக்கிறது. ஒன்று கடைத் தூள். மற்றது உம்மும்மாவின் யாழ்ப்பாணத்துத் தூள்.

1990 ஒக்டோபர் 30 இல் சோனகத் தெருவை விட்டு எங்கள் குடும்பம் வெளியேற்றப்பட்டபோது நான் கைக்குழந்தை. இரண்டு மணித்தியாலம்தான் அவகாசம். நகையும் காசும் புத்தளம் வந்து சேரவில்லை. உம்மும்மாவின் கைப்பக்குவம் வந்து சேர்ந்தது.

ஓலைக் கொட்டிலில் மூன்று கல் அடுப்பு. நிவாரண அரிசியும் பருப்பும். கையில் கொஞ்சம் காசு சேர்ந்ததும் உம்மும்மா செத்தல் மிளகாய், மல்லி, சீரகம், பெருஞ்சீரகம், மிளகு, வெந்தயம், கறிவேப்பிலை எல்லாவற்றையும் தனித்தனியாக வறுத்து மஞ்சளோடு இடித்தாராம். அந்த வாசத்துக்குப் பக்கத்துக் கொட்டில் பெண்கள் எல்லாம் வந்துவிட்டார்கள் என்று உம்மா இன்றும் சொல்வார்.

கூழும் அப்படித்தான். ஒடியல் மாவை ஊறவைத்துக் கைப்புத் தண்ணியை வடித்து, பயித்தங்காய், பலாக்கொட்டை, முருங்கையிலை, புளி சேர்த்துக் காய்ச்சுவார். ஊரில் பனையோலைப் பிளாவில் குடித்ததை இங்கே கோப்பையில் குடித்தோம். இறாலும் நண்டும் கற்பிட்டிக் கடலில் பிடித்தவை. ருசி குறையவில்லை.

புத்தளத்து மக்கள் எங்களுக்கு இடம் தந்தார்கள், சோறு தந்தார்கள். அதை மறக்க முடியாது. ஆனாலும் 'அகதி' என்ற சொல் பள்ளிக்கூடம் வரை என் பின்னால் வந்தது. இப்போது யாழ்ப்பாணம் போனால், "நீங்க புத்தளம்தானே" என்கிறார்கள். என் மகளும் கேட்கிறாள்: "நாங்க எந்த ஊர் உம்மா?"

"ரெண்டும் நம்மட ஊர்தான் மகள். நீ குடிக்கிற கூழ்ல ரெண்டும் இருக்கு" என்றேன்.

உம்மும்மாவுக்கு எண்பது தாண்டிவிட்டது. அவரிடம் எல்லாமே 'ஒரு கை', 'கண்ணளவு'தான். போன விடுமுறையில் அவர் அள்ளி வைத்ததையெல்லாம் தராசில் நிறுத்துக் கொப்பியில் எழுதினேன். மகள்தான் தராசு பிடித்தாள். "இதையெல்லாம் எழுதுவாங்களா புள்ள?" என்று உம்மும்மா சிரித்தார்.

எழுதத்தான் வேண்டும். மீள்குடியேற்றப் படிவத்தில் காணி கேட்பார்கள், வீடு கேட்பார்கள். என்ன சமைத்தீர்கள் என்று யாரும் கேட்பதில்லை. அதை நாம்தான் கேட்க வேண்டும்.

மன்னார், முல்லைத்தீவு, கிளிநொச்சி, யாழ்ப்பாணம் என்று வந்த மூத்தவர்கள் உங்கள் வீட்டிலும் இருப்பார்கள். இந்த வெள்ளிக்கிழமை பக்கத்தில் இருந்து ஒரு சாப்பாட்டையாவது கேட்டு எழுதுங்கள். பிள்ளைகளையும் கூட வைத்துக்கொள்ளுங்கள். சாப்பாட்டின் பெயரையும் ஊரையும் கீழே போடுங்கள், சேர்த்து வைப்போம்.

அல்லாஹ் நம் மூத்தவர்களுக்கு நல்ல சுகத்தைத் தரட்டும். ஆமீன்.