முற்றத்து வெளிச்சம்

என் கதை ஒன்றில் அப்பாவின் மரணத்தை எழுதியிருந்தேன். நள்ளிரவு, மழை, காற்றில் துடித்து அணையும் குத்துவிளக்கு என்று ஒன்று பாக்கியில்லாமல் சேர்த்திருந்தேன். வாசகர்கள் உருகிக் கடிதம் எழுதினார்கள். அக்கா மட்டும், "ஏண்டா, அப்பா போனது பட்டப்பகல் பதினோரு மணிக்கு. முற்றத்திலே வடகம் காய்ந்துகொண்டிருந்தது. நீ எதற்கு இருட்டாக்கினாய்?" என்று கேட்டாள். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை.

சில நாட்களுக்கெல்லாம் சத்யஜித் ராயின் 'அபராஜிதோ'வை மறுபடி பார்க்கும் சந்தர்ப்பம் வாய்த்தது. 1956-ல் வந்த வங்காளிப் படம். காசியில் ஒரு பழைய வீடு, நடுவே முற்றம். அந்த வீட்டில்தான் ஹரிஹரன் இறந்துபோகிறான். முற்றத்தில் நேராக வெயில் விழுவதில்லை. மேலே வானத்திலிருந்து இறங்கும் மங்கிய வெளிச்சம், நிழல் காட்டாமல், சுவரிலும் மனிதர் முகத்திலும் ஒரே மாதிரி படிந்திருக்கிறது. நம் வீட்டுத் தாழ்வாரங்களில் முற்பகலில் இருக்குமே, அதேதான்.

ஆனால் அது காசி அல்ல. கல்கத்தா ஸ்டூடியோவில் போட்ட செட்! மழைக்காலத்துக்குப் பயந்து, வீட்டை ஸ்டூடியோவுக்குள் கட்டுவதென்று முடிவாயிற்று. கலை இயக்குநர் பன்ஸி சந்திரகுப்தா கட்டினார். ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ரா ஒப்பவில்லை. வானத்து வெளிச்சத்தை விளக்குப் போட்டு உண்டாக்க முடியாது என்று வாதாடினார். வாதம் எடுபடவில்லை. பிறகு என்ன செய்தார் தெரியுமா? முற்றத்துக்கு மேலே, வானம் இருக்கவேண்டிய இடத்தில், வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டினார். விளக்குகளை நடிகர்கள்மேல் திருப்பாமல், கீழிருந்து துணியின்மேல் அடித்தார். துணியில் பட்டுத் திரும்பிய ஒளி வானத்து வெளிச்சமாகவே இறங்கிற்று.

அவர் 1930-ல் பிறந்தவர். அப்போது வாலிபப் பிள்ளை. சினிமாக் காமிராவை இயக்கியே அறியாதவரைத்தான் 'பாதேர் பாஞ்சாலி'க்கு ராய் சேர்த்துக்கொண்டார். பிரெஞ்சு டைரக்டர் ழான் ரெனுவார் வங்காளத்தில் 'தி ரிவர்' படம் எடுத்தபோது, ஓரமாக நின்று, எந்த விளக்கு எங்கே நின்றது என்று படம் வரைந்து குறித்துக்கொண்டதுதான் அவர் படித்த படிப்பு. (நான் இண்டர்மீடியட்டில் எழுதிய நோட்டுகள் எதற்கு உதவின என்று கேட்காதீர்கள்.) பின்னால் 'சாருலதா', 'நாயக்' என்று பெரிய படங்கள். 1966-ல் வந்த 'நாயக்'தான் ராயுடன் கடைசி. 2001-ல் காலமானார்.

அந்த வெள்ளைத் துணி என்னை விடவில்லை. காசி வீட்டுக்குப் போக முடியாதவர், அதன் வெளிச்சத்தைப் பிடித்துவிட்டார். நானோ அப்பாவின் தலைமாட்டிலேயே உட்கார்ந்திருந்தவன். அன்று கூடத்தில் எவ்வளவு வெளிச்சம் இருந்தது என்றால், அப்பாவின் கன்னத்தில் மூன்று நாள் தாடியை ஒவ்வொரு மயிராக எண்ணியிருக்கலாம். அதைப் பார்க்கத் தைரியமில்லாமல்தான் விளக்கை அணைத்திருக்கிறேன்.

இரண்டாம் பதிப்பில் அந்தப் பக்கத்தைத் திருப்பி எழுதினேன். மழையை எடுத்தேன், விளக்கை எடுத்தேன். வடகம் காய்கிறது. காக்கை விரட்ட ஆளில்லை. பிரதியை அக்காவிடம் கொடுத்திருக்கிறேன். வாங்கிப் பூஜை அலமாரியில் வைத்தாள். இன்னும் ஒன்றும் சொல்லவில்லை.