காப்புப்படி

படி என்னும் சொல்லை ஆறாம் ஆண்டு மாணாக்கருக்கு விளக்குவது எனக்கு எப்போதும் மகிழ்ச்சி தரும் பணி. ஏவலாகச் சொன்னால் கற்கச் சொல்வது. வாயிலில் கிடந்தால் கல். நெல்லை அளந்தால் முகத்தலளவை. ஓர் ஓலையைப் பார்த்து மற்றோர் ஓலையில் எழுதினால் அதுவும் படி. இந்த நான்கையும் முப்பது ஆண்டுகளுக்கு மேலாகக் கரும்பலகையில் எழுதி வந்திருக்கிறேன். நான்காம் பொருளுக்குச் சான்றாக என் வீட்டு அலமாரியில் நூற்றுக்கு மேற்பட்ட படிகள் இருப்பதை மட்டும் எந்த வகுப்பிலும் சொன்னதில்லை.

அவை ஏடுகள் அல்ல, விளையாட்டு வட்டுகள். ஒரு தலைமையாசிரியன் இத்தொகுப்பில் எழுதத்தக்க பொருள்தானா இது என்று நண்பர் ஒருவர் கேட்டார். ஆசிரியப் பெருமக்கள் முழுவதும் படித்துவிட்டுத் தீர்ப்பளிப்பார்களாக.

1999ஆம் ஆண்டு நான் குளுவாங் வட்டாரத்துத் தோட்டப்பள்ளி ஒன்றில் ஆசிரியனாக இருந்தேன். என் மகனுக்கு அப்போது ஏழு வயது. அதுவரை வீட்டில் இருந்தது மைக்ரோ ஜீனியஸ் என்னும் தைவான் நாட்டுப் பெட்டி. ஜப்பானின் நிண்டெண்டோ நிறுவனம் 1983இல் வெளியிட்ட பெட்டியைப் பார்த்துச் செய்யப்பட்டது. அதாவது பெட்டியே ஒரு படி. பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் பிளேஸ்டேஷனைப் பற்றிப் பேசத் தொடங்கியதும் மகனின் முகம் வாடியது. 1994 டிசம்பர் 3ஆம் நாள் ஜப்பானில் சோனி நிறுவனம் வெளியிட்ட அந்தச் சாம்பல் நிறப் பெட்டி, நம் நாட்டில் சிற்றூர் வரைக்கும் வந்துவிட்டிருந்தது. பணப்பையைப் பார்த்தேன். 1998 செப்டம்பரில் ஒரு டாலருக்கு 3.80 ரிங்கிட் என்று நாணய மதிப்பை நிலைப்படுத்திய காலம். வெளிநாட்டுப் பொருளெல்லாம் யானை விலை. மூலவட்டு ஒன்று நூறு ரிங்கிட்டைத் தாண்டும். படியோ ஐந்து ரிங்கிட்.

குளுவாங்கிலிருந்து பேருந்தேறி லார்க்கின் நிலையத்தில் இறங்கி, ஜொகூர் பாருவின் பேரங்காடி ஒன்றுக்குச் சென்றேன். வார இறுதியில் பாலம் கடந்து வரும் சிங்கப்பூர்க்காரர்களால் அந்த மாடி நிரம்பியிருக்கும். கடைக்காரர் ஒரு சீனப் பெரியவர். நான் என்ன தொழில் செய்கிறேன் என்று கேட்டறிந்ததும் என்னைச் "சிக்கு" என்று மரியாதையுடன் அழைத்தார். ஆசிரியரைக் குறிக்கும் அந்த மலாய்ச் சொல் தமிழில் வேறொன்றைக் குறிக்கும் என்பது அவருக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

அவர் என் கண்முன்னே பெட்டியைத் திறந்து, நகத்தளவே இருந்த ஒரு சில்லை மெல்லிய கம்பிகளால் உள்ளே பற்றவைத்தார். அது செய்யும் வேலையைப் பிற்பாடு படித்துத் தெரிந்துகொண்டேன். மூலவட்டின் உட்பகுதியில் ஒளிக்கதிர் செல்லும் தடம் மிக நுண்மையாக நெளிந்திருக்கும். அந்நெளிவில் நான்கு எழுத்துகள் மறைந்துள்ளன: ஜப்பானிய வட்டுக்கு எஸ்.சி.இ.ஐ., அமெரிக்க வட்டுக்கு எஸ்.சி.இ.ஏ., ஐரோப்பிய வட்டுக்கு எஸ்.சி.இ.இ. பெட்டி முதலில் அவ்வெழுத்துகளைத் தேடும். கண்டால்தான் விளையாட்டைத் தொடங்கும். வட்டில் உள்ள செய்திகளை எல்லாம் வீட்டுக் கணினியில் படியெடுக்கலாம். அந்த நெளிவைப் படியெடுக்க இயலாது. ஏனெனில் வெற்று வட்டின் தடம் ஆலையிலேயே அமைந்துவிடுகிறது. ஆகவே சில்லு அந்த நான்கு எழுத்துகளைத் தானே பெட்டிக்குச் சொல்லிவிடுகிறது. மதிப்பெண் அறிக்கையில் தந்தையின் கையொப்பத்தைத் தானே போட்டு வரும் பையனை நம்மில் யார் கண்டதில்லை? சில்லு அந்தப் பையன்தான்.

முதல் நாள் இரவு படம் கறுப்பு வெள்ளையாகத்தான் வந்தது. பெட்டி ஜப்பானிய முறையில் வண்ணம் அனுப்ப, எங்கள் பழைய தொலைக்காட்சிக்குப் பால் முறை மட்டுமே தெரியும். மகன் அதைப் பொருட்படுத்தவில்லை. கொனாமி நிறுவனத்தின் வின்னிங் இலெவன் என்னும் காற்பந்து விளையாட்டு, பட்டியல் முழுவதும் ஜப்பானிய எழுத்து. ஓர் எழுத்தும் அறியாத சிறுவன், மூன்றாம் வரியில் அழுத்தினால் ஆட்டக்காரரை மாற்றலாம், கடைசி வரியில் அழுத்தினால் வெளியேறலாம் என்று இரண்டே நாளில் இடத்தைக் கொண்டு கற்றுக்கொண்டான். எழுத்தறியுமுன் குழந்தைகள் பக்கத்தை எவ்வாறு காண்கிறார்கள் என்பதைப் பயிற்சிக் கல்லூரியில் ஒரு பருவம் முழுதும் கேட்டிருக்கிறேன். அந்த இரண்டு நாளில் தெரிந்துகொண்டது அதிகம். பிள்ளை உறங்கிய பின் நானும் விளையாடினேன். மறைப்பானேன்? பெரும்பாலும் தோற்றேன்.

அதே ஆண்டு வகுப்பில் ஒரு நிகழ்ச்சி நடந்தது. கட்டுரைப் போட்டிக்காக மாணாக்கரை எழுதச் சொல்லியிருந்தேன். ற, ர வேறுபாடு அறியாத ஒரு பையன், "எங்கள் தோட்டத்தில் ஒரு மழைநாள்" என்னும் தலைப்பில் இரண்டு பக்கம் எழுதி வந்தான். அதில் ஒரு வரி: மழை பெய்தால் அம்மாவுக்கு விடுமுறை, சம்பளத்துக்கும் விடுமுறை. பால்மரத் தோட்டத்தில் மழைநாள் என்றால் என்ன என்பதை இதைவிடச் சுருங்கச் சொல்ல என்னால் இயலாது. எந்த வழிகாட்டி நூலிலிருந்து எடுத்தாய் என்று கேட்டேன். பேசாமல் நின்றான். பிறர் உழைப்பைத் தன் பெயரில் காட்டுவது களவு என்று வகுப்பு முழுதும் கேட்கச் சொல்லி, அந்தத் தாளைக் கிழித்துக் குப்பைத் தொட்டியில் இட்டேன்.

இரண்டு வாரம் கழித்து அந்தப் பேரங்காடிக் கடையில், உறையிட்ட அட்டைப்படங்களைப் புரட்டிப் புரட்டி நான் பத்து வட்டுகளைத் தேர்ந்தெடுத்தபோது பின்னால், "வணக்கம் ஐயா" என்று ஒரு குரல். அதே பையன், தன் மாமாவுடன். அவன் பார்வை என் முகத்திலிருந்து கையிலிருந்த பைக்கு இறங்கிற்று. "வணக்கம்" என்றேன். வேறு சொல் வரவில்லை. திங்கட்கிழமை வகுப்பில் அவன் எதுவும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் என் மனம் இலேசாகியிருக்கும்.

கடைக்காரர் ஒரு நாளும் அவற்றைக் கள்ளவட்டு என்று சொன்னதில்லை. "பேக்கப்" என்பார்; காப்புப்படி. அச்சொல்லுக்கு நேர்மையான பொருள் உண்டு. 1987ஆம் ஆண்டின் நம் பதிப்புரிமைச் சட்டமே, கணினி நிரலின் மூலத்தை உடைமையாகக் கொண்டவர், அது தொலைந்தாலோ அழிந்தாலோ பயன்படுத்துவதற்காக ஒரு படி எடுத்துக்கொள்வதை ஏற்கிறது. மூலம் இருந்தால்தான் காப்பு. மூலமே இல்லாத என் அலமாரியில் காப்பதற்கு என்ன இருந்தது? அந்தச் சனிக்கிழமைக்குப் பின் நான் செய்த கழுவாய் ஒன்றே: ஆண்டிறுதியில் சிங்கப்பூர் சென்று மூலவட்டு ஒன்றை முழுவிலை கொடுத்து வாங்கினேன். அடிப்பக்கம் கருநிறமாக மின்னும் வட்டு. அதற்குப் படி ஒன்று எடுத்துத் தரக் கேட்டபோது கடைக்காரர் வாய்விட்டுச் சிரித்தார். நூற்றுக்கு மேற்பட்ட படிகளில் காப்புப்படி என்ற பெயருக்கு உரியது அந்த ஒன்றுதான். மற்றவற்றை நான் எறிந்துவிடவில்லை என்பதையும் எழுதத்தான் வேண்டும். கழுவாய்க்குப் பின்னும் அவற்றில் விளையாடினோம்.

படியெடுத்தலையே பழிக்க எனக்கு நா எழாது. ஓலை சில நூற்றாண்டுக்கு மேல் நில்லாது. படியெடுத்தோர் இல்லையேல் சங்க நூல் ஒன்றும் நமக்கு இல்லை. உ.வே.சாமிநாதையர் பல ஊர்ப் படிகளை ஒப்பிட்டன்றோ 1887இல் சீவக சிந்தாமணியையும் 1894இல் புறநானூற்றையும் பதிப்பித்தார். ஓலை எழுதியோர் பலர் இறுதியில் தம் பெயரும் நாளும் எழுதி, பிழை பொறுக்குமாறு வேண்டிக்கொள்வர். அந்த வேண்டுகோள் என் வட்டு எதிலும் இல்லை. ஆயினும் காலம் இங்கேயும் ஒரு விளையாட்டு விளையாடியிருக்கிறது. அமெரிக்காவின் வீடியோ கேம் ஹிஸ்டரி பவுண்டேஷன் 2023இல் வெளியிட்ட ஆய்வின்படி, 2010க்கு முன் அந்நாட்டில் வெளிவந்த விளையாட்டுகளுள் நூற்றுக்கு 87 இன்று விற்பனையில் இல்லையாம். மகன்தான் இதை எனக்குச் சொன்னான். இப்போது சிங்கப்பூரில் பணியாற்றுகிறான். அன்றாடம் பாலம் கடக்கிறான்.

சென்ற பள்ளி விடுமுறையில் இருவரும் அந்தப் பெட்டியை இறக்கினோம். வட்டுகளைப் படிக்கும் உறுப்பு வயதால் தளர்ந்திருந்தது. பெட்டியைத் தலைகீழாகக் கவிழ்த்து வைத்தால் சில சமயம் படிக்கும் என்னும் பழைய கைமருந்து பலித்தது. ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தோம். வீட்டிலேயே பதியப்படும் வட்டில் செய்தியைத் தாங்குவது ஒரு சாயப் படலம். வெப்பமும் ஈரமும் வெளிச்சமும் அதைத் தின்னும். நம் நாட்டில் மூன்றுக்கும் குறைவில்லை. பாதிக்கு மேல் கறுப்புத் திரையோடு நின்றுவிட்டன. என் ஒரே காப்புப்படியும் நின்றுவிட்டது. அதன் மூலம் ஓடிற்று. இன்று இத்தகைய பெட்டிகளில் வட்டுப் பகுதியையே அகற்றிவிட்டு, விரல்நுனி அளவுள்ள நினைவட்டையிலிருந்து விளையாட்டுகளை ஓட்டும் கருவி வந்துவிட்டது. பொருத்தித் தரட்டுமா என்று மகன் கேட்டான். இன்னும் விடை சொல்லவில்லை.

அந்தப் பையனை மீண்டும் கண்டது சென்ற ஆண்டுதான். நான் இப்போது பணிபுரியும் பள்ளிக்கு, முதலாம் ஆண்டில் மகளைச் சேர்க்க வந்திருந்தார். பெயரைப் படித்ததும் நிமிர்ந்து பார்த்தேன். படிவத்தை நிரப்பி முடித்தபின், இருபத்தைந்து ஆண்டுகளாகத் தொண்டையில் கிடந்ததைக் கேட்டுவிட்டேன்: "அன்று ஜொகூர் பாருக் கடையில் என்னைப் பார்த்தது நினைவிருக்கிறதா?"

சற்று எண்ணிப் பார்த்தார். "இல்லை ஐயா. கடை நினைவில்லை. கட்டுரைதான் நினைவிருக்கிறது" என்றார்.

நான் பேசாதிருந்தேன். அவரே தொடர்ந்தார். "அது வழிகாட்டி நூல் இல்லை, ஐயா. எங்கள் அக்கா எழுதியது. அவர் மூன்றாம் படிவத்தோடு படிப்பை நிறுத்திவிட்டார். அவருடைய பழைய ஏட்டைப் பார்த்து எழுதினேன். பரிசு கிடைத்தால் அவரிடம் காட்டலாம் என்று நினைத்தேன்."

"அந்த ஏடு?"

"தோட்டத்தை விற்றபோது வீடு மாறினோம். அப்போது போய்விட்டது."

அந்தக் கட்டுரையில் எனக்கு நினைவிருந்தது ஒரே ஒரு வரி. மழைநாள் வரி. அதைச் சொன்னேன். இன்னொரு முறை சொல்லச் சொன்னார். மேசையிலிருந்த என் எழுதுகோலை எடுத்து, பதிவுக்கட்டணச் சீட்டின் பின்புறத்தில் மெல்ல எழுதிக்கொண்டார்.