அல்லிக்கேணியில் 140 சதுர அடி

முதலாண்டில் "உன் வீடு எங்கேடா?" என்று யார் கேட்டாலும் "பீச் பக்கம்" என்று சொல்லி நழுவிவிடுவேன். பொய் இல்லை நண்பர்களே! திருவல்லிக்கேணியிலிருந்து மெரினா நடக்கிற தூரம்தான். ஆனால் கேட்டவன் மனசில் கடற்காற்று வீசும் பால்கனி ஒன்று வந்து நிற்கும். எங்கள் வீட்டில் இருப்பதோ ஆறு குடித்தனம், ஒரு கிணறு, இரண்டு கக்கூஸ்!

பேட்டையைப் பற்றிப் பெருமை பேச நிறைய இருக்கிறது. அல்லி பூத்த கேணியால் வந்த பெயர். பார்த்தசாரதி கோயிலில் பல்லவ மன்னன் தந்திவர்மன் காலத்துக் கல்வெட்டு உண்டு. 1795ல் கட்டிய வாலாஜா மசூதியில், ரம்ஜான் மாதம் முழுக்க நோன்பு திறப்பவர்களுக்குச் சிந்தி இந்துக்கள் உணவு பரிமாறுவார்கள். கணித மேதை ராமானுஜன் இங்கே குடியிருந்திருக்கிறார். பாரதியார் 1921ல் கண்மூடியதும் இங்கேதான். வேலை தேடி சென்னை வந்து, மேன்ஷன் அறையில் பெட்டியை வைத்தவர்கள் எத்தனை பேரோ! சேப்பாக்கத்தில் மேட்ச் என்றால் எங்கள் மொட்டை மாடிக்குத்தான் முதல் தகவல். அங்கே 'ஓ...' என்று சத்தம் கேட்டு நாங்கள் குதித்த பிறகுதான் டிவியில் பௌலர் ஓடி வருவார்!

நான் சொல்ல வந்தது இதுவல்ல.

போன வருஷம் வீட்டுக்காரர் என்னைக் கூப்பிட்டார். "தம்பி, நீ சிவில்தானே படிக்கிறே? வீட்டை அளந்து ஒரு பிளான் போட்டுக் குடேன். வெளியிலே எக்கச்சக்கமா கேக்கறாங்க. ஆயிரம் ரூபா தர்றேன்" என்றார். என் முதல் சம்பாத்தியம்! எதற்கு என்றுகூடக் கேட்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை டேப்போடு இறங்கினேன். பக்கத்து போர்ஷன் பையன் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டான். திண்ணை, ரேழி, முற்றம் என்று ஒவ்வொன்றாக அளந்தோம். சுவர் ஒன்றரை அடி கனம், சுண்ணாம்புக் காரை. மேலே மெட்ராஸ் டெரஸ். மர விட்டங்களின் மேல் செங்கல்லைச் செங்குத்தாக அடுக்கி, சுண்ணாம்புக் கலவை போட்டு இறுக்கிய கூரை. வகுப்பில் இரண்டு வரியில் முடிந்துபோன பாடம். அதன் கீழேதான் பத்தொன்பது வருஷமாகப் படுத்திருக்கிறேன் என்பது அன்றைக்குத்தான் தெரிந்தது!

எங்கள் போர்ஷன் பத்துக்குப் பதினாலு. 140 சதுர அடி, ஐந்து பேர். ராத்திரி மூன்று மணிக்கு அப்பா கோயம்பேட்டுக்குக் கிளம்புவார். ஜாம் பஜாரில் அவர் வேலை செய்யும் காய்கறிக் கடைக்குச் சரக்கு எடுக்க வேண்டும். அவர் எழுந்த இடத்தில் தம்பி உருண்டு வந்து படுப்பான். பிளானில் இதை எப்படிக் காட்டுவது?

முன் போர்ஷன் பாட்டி எட்டிப் பார்த்தார். "என்னடா அளக்கறே? பந்தல் போடவா?" என்றார். சிரித்துக்கொண்டே தலையாட்டினேன்.

ஷீட்டை வாங்கிக்கொண்ட வீட்டுக்காரர் ஆயிரம் ரூபாயை எண்ணிக் கொடுத்துவிட்டுச் சொன்னார்: "அப்பாகிட்ட சொல்லிடு. ஃபிளாட் கட்டறவங்களுக்குக் கொடுத்தாச்சு. ஆறு மாசம் டைம் இருக்கு."

அவரைக் குறை சொல்ல மாட்டேன். ஆறு குடித்தன வாடகை அந்தக் கூரையின் ஒழுக்கை அடைக்கவே போதாது. என் பிளான் இல்லாவிட்டாலும் விற்றிருப்பார். இருந்தாலும் அந்த ரூபாயை அம்மாவிடம் கொடுக்கும்போது கை கூசியது.

அப்பா என் நகலை விரித்துப் பார்த்தார். "நல்லா போட்டிருக்கேடா" என்றார். அவ்வளவுதான். பாட்டிதான் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வெகுநேரம் தேடினார். "துளசி மாடம் எங்கேடா? காணோமே?" என்றார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. விட்டுவிட்டேன்! அன்றிரவே மறுபடி அளந்து, முற்றத்தின் வடகிழக்கில் குறித்தேன். கூடவே பாட்டி மத்தியானம் சாய்ந்துகொள்ளும் தூண், குடங்கள் வரிசையாக நிற்கும் இடம், எங்கள் ஐந்து பாய்கள். என் நகலில் மட்டும்.

ஆவடிப் பக்கம் வாடகை குறைவாம். மூன்று மணிக்கு அப்பா அங்கிருந்து எப்படிப் போவார் என்பதற்கு இன்னும் பதில் கிடைக்கவில்லை. பாட்டியின் மகன் துளசி மாடத்தைப் பெயர்த்துக் கொண்டுபோக முடியாது என்று சொல்லிவிட்டார்.

நண்பர்களே, நாளைக்கு நாமெல்லாம் சைட்டுக்குப் போவோம். 'பழைய கட்டடம், இடிக்கப்பட வேண்டியது' என்று பிளானில் எழுதுவோம். எழுதத்தான் வேண்டும், அது நம் தொழில். எழுதுவதற்கு முன்னால் உள்ளே போய், யார் எங்கே படுக்கிறார்கள் என்று ஒரு வார்த்தை கேளுங்கள்.

இந்த மலர் உங்கள் கைக்கு வரும்போது நாங்கள் காலி செய்திருப்போம். இப்போதெல்லாம் யாராவது "வீடு எங்கேடா?" என்று கேட்டால் "திருவல்லிக்கேணி" என்று பளிச்சென்று சொல்கிறேன். இன்னும் கொஞ்ச நாள்தானே சொல்ல முடியும்!

— இறுதியாண்டு மாணவன், சிவில் பிரிவு