எந்த வண்டி சீராக ஓடுகிறது?

மணிக்கு 60 கிலோமீட்டர் வேகத்தில் ஒரு கார் சீராகச் செல்கிறது. மூன்றரை மணி நேரத்தில் எவ்வளவு தூரம் போகும்? ஆறாம், ஏழாம் வகுப்புப் பிள்ளைகள் இந்த ஜாதிக் கணக்கைப் போட்டுப் போட்டு நோட்டை நிரப்புகிறார்கள். 210 கி.மீ. என்று எழுதி அடிக்கோடிட்டால் முழு மதிப்பெண். ஆனால் கேள்வியைத் தாங்கி நிற்பது 'சீராக' என்ற ஒரு சொல். அதை உருவிவிட்டால் பெருக்குவதற்கே நியாயம் இல்லை. பல கேள்விகளில் அந்தச் சொல் இருப்பதுகூட இல்லை. பிள்ளை தானாகவே எடுத்துக்கொள்ள வேண்டும். பெருக்கலையும் வகுத்தலையும் பொறுமையாகச் சொல்லித் தரும் நாம், எப்போது வகுக்கலாம் என்பதைச் சொல்லித் தருவதில்லை என்பதே என் குறை.

ஓரலகு முறை என்பது 'ஒன்றுக்கு எவ்வளவு' என்று கேட்பது. அதற்கு முன்னால் கேட்க வேண்டியது, அந்த ஒன்று ஒவ்வொன்றும் ஒரே மாதிரிதானா என்பது. மயிலாப்பூர் மாட வீதியில் பூ வாங்குகிறவர்களுக்கு இது தெரியும். முழம் இவ்வளவு என்று விலை பேசி முடித்த பிறகும் கண் பூக்காரம்மாவின் முழங்கையில்தான் இருக்கும். கை சற்று மடங்கினால் விலை ஏறிவிட்டது என்று அர்த்தம். ஆட்டோ மீட்டர் இதைவிட நல்ல பாடம். 2013-இல் தமிழக அரசு நிர்ணயித்த கட்டணம், முதல் 1.8 கிலோமீட்டருக்கு 25 ரூபாய், அதன்பின் கிலோமீட்டருக்கு 12 ரூபாய். தி. நகரில் ஏறி 9 கிலோமீட்டர் போனால் எவ்வளவு? 9 என்பது 1.8-இன் ஐந்து மடங்கு, ஆகவே 125 ரூபாய் என்று நேர்விகிதம் பழகிய பிள்ளை சட்டென்று சொல்லும். சரியான விடை 111 ரூபாய் 40 காசு. (மீட்டர் போடுகிற ஆட்டோ கிடைப்பது வேறு கணக்கு.) முதல் 1.8 கிலோமீட்டரும் அதற்குப் பின் வருவதும் ஒரே விலை இல்லை. அதைப் பிரித்துப் பார்த்த பிறகே ஓரலகு முறை அங்கே செல்லும். நடுவில் சிக்னலில் நின்றால் ஐந்து நிமிடத்துக்கு 3.50 ரூபாய் என்று காத்திருப்புக் கட்டணம் தனியாக ஓடும்.

வேகக் கணக்கில் சிக்கல் இன்னும் ஆழமானது, ஏனென்றால் விலையைப் போல வேகத்தை யாரும் பலகையில் எழுதி வைப்பதில்லை. கடற்கரையிலிருந்து வேளச்சேரிக்குப் பறக்கும் ரயில் ஏறக்குறைய 19 கிலோமீட்டரை முக்கால் மணி நேரத்தில் கடக்கிறது. சூத்திரத்தை மட்டும் மனப்பாடம் செய்த பிள்ளை 19-ஐ 45-ஆல் வகுத்து, 0.42 கி.மீ./மணி என்று எழுதும். ரயில் நடந்து போகிறவரைவிட மெதுவாகப் போகிறது என்பது அதன் கண்ணில் படாது. கால் மணிக்கு ஆறேகால் சொச்சம், ஆகவே மணிக்கு 25 சொச்சம் என்று படிப்படியாக வந்த பிள்ளைக்கு இந்தத் தவறு நேராது. ஆனால் அந்த 25-ம் சராசரிதான். திருமயிலையில் நின்று, மந்தைவெளியில் நின்று, நடுவில் வேகமெடுத்துப் போகிற வண்டி அது. பத்தாவது நிமிடத்தில் எங்கே இருக்கும் என்று அந்த 25-ஐ வைத்துச் சொல்ல முடியாது. இதே குழப்பம்தான், மயிலாப்பூரிலிருந்து அடையாறுக்கு 5 கிலோமீட்டர் என்று வைத்துக்கொண்டு, மாலை நெரிசலில் மணிக்கு 10-இலும் இரவு திரும்பும்போது 30-இலும் போனால் சராசரி 20 என்று சொல்ல வைக்கிறது. போக அரை மணி, வர பத்து நிமிடம். 10 கிலோமீட்டருக்கு 40 நிமிடம். சராசரி 15.

முதலில் எளியதைக் கற்கட்டும், சிக்கலை அப்புறம் சேர்க்கலாம் என்பார்கள். எளிய கணக்கை நானும் வேண்டாம் என்று சொல்லவில்லை. எதை விட்டுவிட்டு எளிதாக்கினோம் என்று ஒரு வரி சொல்லத்தான் கேட்கிறேன். அந்த 'அப்புறம்' வருவதும் அரிது. மாநிலப் பாடத்திட்டத்தில் ஏழாம் வகுப்புக் கணக்கில் 'நேர் மற்றும் எதிர் விகிதங்கள்' இருக்கிறது, அறிவியலில் 'விசையும் இயக்கமும்' இருக்கிறது. சீரான வேகத்தை விளக்குவது அறிவியல், அதை நம்பிப் பெருக்குவது கணக்கு. இரண்டும் வேறு வேறு பீரியடில், பெரும்பாலும் வேறு வேறு ஆசிரியரிடம். தெருவில் பழகிய பிள்ளைக்கு இதெல்லாம் தானே வந்துவிடும் என்பது இன்னொரு வாதம். கொல்கத்தாவிலும் டெல்லியிலும் சந்தையில் வேலை செய்யும் சிறுவர்களிடம் அபிஜித் பானர்ஜி, எஸ்தர் டூஃப்லோ உள்ளிட்டோர் நடத்தி 2025-இல் 'நேச்சர்' இதழில் வெளியிட்ட ஆய்வு வேறு மாதிரி சொல்கிறது. வியாபாரத்தில் மனக்கணக்காகப் போட்டவர்கள் அதையே பள்ளிக்கூடக் கணக்காகக் கொடுத்தபோது தடுமாறினார்கள்; பள்ளியில் மட்டும் படித்தவர்கள் சந்தைக் கணக்கில் தடுமாறினார்கள். தெருவிலிருந்து வகுப்புக்குப் பாலம் தானாக எழுவதில்லை.

கேள்வித்தாள் எடுக்கும் ஆசிரியர்களிடம் ஒரு வேண்டுகோள். அடுத்த பருவத் தேர்வில் பத்து வேகக் கணக்குக்கு நடுவே, 'இந்தத் தகவல் போதாது' என்பதே சரியான விடையாக வரும் ஒரு கணக்கையும் வையுங்கள். காரணத்தோடு அப்படி எழுதும் பிள்ளைக்கு முழு மதிப்பெண் கொடுங்கள்.