பெயர் வராத நாற்பது ஆண்டுகள்

கதாநாயகன் குதிரையிலிருந்து விழும்போது பதறுகின்ற நாம், உண்மையில் விழுந்தவர் யார் என்று கேட்பதில்லை. அவ்வாறு விழுந்தவர்களில் ஒருவர்தான் ரிச்சர்ட் பார்ன்ஸ்வேர்த்.

1920இல் லொஸ் ஏஞ்சல்ஸில் பிறந்தவர். குதிரை லாயமொன்றில் வாரம் 6 டொலருக்கு வேலை செய்த அந்த இளைஞரை, நாளொன்றுக்கு 7 டொலர் தருவதாகத் திரையுலகம் அழைத்தது. 1938இல் வெளியான மார்க்கோ போலோ பற்றிய படத்தில் மொங்கோலியக் குதிரை வீரர் கூட்டத்தில் அவரும் ஒருவர். பின்னர் ரோய் ரொஜர்ஸ், கெரி கூப்பர் முதலானோருக்குப் பதிலாளாகக் குதிரையேறினார். 'த டென் கொமாண்ட்மென்ட்ஸ்' (1956) படத்தில் தேரோட்டினார். 1961இல் சண்டைக் கலைஞர்களுக்கென அமைக்கப்பட்ட சங்கத்தின் நிறுவுநர்களுள் ஒருவரானார். ஆயினும் அக்காலப் படங்கள் பெரும்பாலானவற்றில் அவர் பெயர் இடம்பெறவில்லை.

அவர் முகத்தைத் திரையுலகம் கவனித்தது 1978இல்தான். 'கம்ஸ் எ ஹோஸ்மன்' படத்தில் பண்ணையின் முதிய ஊழியராக நடித்தமைக்காக, 58 வயதில் சிறந்த துணை நடிகருக்கான ஒஸ்கார் பரிந்துரை கிடைத்தது.

1999இல் டேவிட் லிஞ்ச் இயக்கிய 'த ஸ்ட்ரெயிட் ஸ்டோரி' வந்தது. நோயுற்ற தமையனைக் காண்பதற்காகப் புல்வெட்டும் இயந்திரத்தில் 240 மைல் பயணம் செய்த ஒரு முதியவரின் உண்மைக் கதை அது. அதில் நடிக்கும்போது பார்ன்ஸ்வேர்த்தின் எலும்புகளில் புற்றுநோய் பரவியிருந்தது. வலியை வெளிக்காட்டாதிருப்பது அவரது தொழில் கற்றுத்தந்த பாடம் அல்லவா! அந்த மௌனமே அப்படத்தில் நடிப்பாகியது. 79 வயதில் சிறந்த நடிகருக்கான பரிந்துரை. 2021இல் அந்தனி ஹொப்கின்ஸ் 83 வயதில் பரிந்துரைக்கப்படும் வரை, அப்பிரிவில் அவரே மிக மூத்தவர். நோயின் கொடுமை தாளாது 2000 ஒக்டோபரில் அவர் தம் வாழ்வைத் தாமே முடித்துக்கொண்டார்.

பத்திரிகைத் துறையிலும் இத்தகையோர் உண்டு. கட்டுரையின் உச்சியில் எழுதியவர் பெயர் இருக்கும். நள்ளிரவு வரை விழித்திருந்து அதனை ஒப்புநோக்கியவரின் பெயர் எங்கும் இராது. அத்தகையோருடன் நெடுங்காலம் பணியாற்றியவன் என்பதால்தான் பார்ன்ஸ்வேர்த்தின் கதை என்னை இவ்வளவு தொட்டது போலும்.

சண்டைக் காட்சி வடிவமைப்புக்கெனத் தனி ஒஸ்கார் விருது வழங்கப்படும் என்று 2025இல்தான் அறிவிக்கப்பட்டது. 2027இல் வெளியாகும் படங்களுக்கு, 2028இல் முதன்முறையாக அது வழங்கப்படவுள்ளது. ஒஸ்கார் தொடங்கியது 1929இல். இந்த ஒரு நூற்றாண்டில் விழுந்தெழுந்தவர்களையும், எழாமலே போனவர்களையும் அந்த விருது எட்டப்போவதில்லை. படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது சற்று நேரம் இருக்கையில் அமர்ந்திருப்பதே நம்மால் இயன்ற மரியாதை.