பேசி முடித்ததை எழுதி முடியுங்கள்

பாகப்பிரிவினை வழக்கில் அண்ணனும் நானும் சமாதானமாகிவிட்டோம். பெரியவர்கள் உட்கார்ந்து பேசியதில் கிணற்றுப் பங்கும் வண்டிப்பாதையும் முடிவானது.

"கேஸை வாபஸ் வாங்கினால் போதுமே" என்றார்கள் சொந்தக்காரர்கள். வக்கீல் தடுத்தார். உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 23, விதி 1-இன்படி, கோர்ட் அனுமதி இல்லாமல் வாபஸ் வாங்கினால் அதே விஷயத்துக்கு மறுபடி வழக்குப் போடுவது பொதுவாக முடியாது. விதி 3-இன்படி இரு தரப்பும் கையெழுத்திட்டு சமரச மனு கொடுத்தால், பேசிய நிபந்தனைகளே தீர்ப்பாணை ஆகிவிடும்.

நாமே வெளியில் பேசி முடித்தாலும் கோர்ட் கட்டணத்தைத் திரும்பக் கேட்கலாம். சென்னை உயர் நீதிமன்றம் சொன்ன இதை 2021-இல் உச்ச நீதிமன்றமும் உறுதிசெய்தது.

சொத்து வழக்கில் இருப்பவர்களே, தயவுசெய்து பேசிப் பாருங்கள். எங்கள் பிள்ளைகள் இனி உறவைத் தொலைக்காமல் வளர்வார்கள். எனக்கு அதுவே பெரிய பங்கு.